கணனி மூலை: காணாமற்போன விளையாட்டுக்கள்



அச்சுப்பொறி மையின் விலையைப் பற்றி இம்முறை எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அதைத் தள்ளிவைக்க வேண்டியதாகிவிட்டது. காரணம், ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் மொன்தே பெல்லெகிரீனோ மலையில் சாந்தா ரொசாலியாவைக் கும்பிட்டுவிட்டு இறங்கிக்கொண்டிருந்தபோது வந்த ஒரு தொலைபேசி அழைப்பு.

"அண்ணை, பெரியவன் லண்டனுக்குப் போகேக்கை சின்னவன்ரை விளையாட்டு முழுக்கக் களவெடுத்துக்கொண்டு போட்டானாம். மூண்டு கிழமையா ரெண்டு பேருக்கும் கதையில்லை. அவன் போன் எடுத்தால் இவன் எழும்பி மற்ற அறைக்குப் போறான். நீங்கள் ஒருக்கா வந்து கணனியைப் பாருங்கோவன்."

பேசியவர் பல்லரோ சந்தைக்குக் கிட்டவாக வசிக்கும் ஒரு தாயார். காலையில் ஒரு வீடு, பின்னேரம் இன்னொரு வீடு என்று வேலை செய்து, தவணைக் காசு கட்டிப் பிள்ளைகளுக்குக் கணனி வாங்கிக் கொடுத்தவர். விளையாட்டு விஷயம்தானே, பிறகு பார்ப்போம் என்று சொல்ல முதலில் வாய் உன்னியது. ஆனால் இரண்டு பிள்ளைகளுக்கும் கதையில்லை என்று அவர் சொன்ன விதம் மனதில் நின்றுவிட்டது. அடுத்தநாள் மாலை போனேன்.

சின்னவனுக்கு 14 வயது. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு கணனிக்கு முன்னால் இருந்தான். தன் கைத்தொலைபேசியில் ஒரு படத்தைக் காட்டினான். முன்பொரு நாள் கணனித் திரையை எடுத்த படம். அதில் விளையாட்டுக்களின் எண்ணிக்கை 64 என்று தெளிவாக இருந்தது. இப்போது திரையில் 11 மட்டுமே. "மாமா, 53 விளையாட்டை அண்ணா எடுத்திட்டார்" என்றான். கணக்குச் சரிதான். ஆனால் களவென்று தீர்ப்புச் சொல்வதற்கு முன்னர் அந்த 53 உம் எங்கெங்கே போயின என்று பார்க்கவேண்டும் அல்லவா? அன்று நாம் தேடிய வழியையே இங்கே எழுதுகிறேன். இதே முறைப்பாட்டைச் சென்ற ஒரு வருடத்தில் நாலைந்து வீடுகளில் கேட்டுவிட்டேன்.

முதலில் ஒரு சொல்லைப் பற்றி. பிள்ளைகள் வாங்கிய விளையாட்டுக்கள் அடுக்கிக் காட்டப்படும் இடத்தை ஆங்கிலத்தில் லைப்ரரி என்கிறார்கள். இத்தாலிய மொழியில் வைத்திருப்பவர்களுக்கு லிப்ரெரியா என்று தெரியும். தமிழில் நூலகம் என்று எழுதலாம். எனக்கு மனம் வரவில்லை. 1981 யூன் முதலாம் திகதி விடியும்போது யாழ்ப்பாணத்தில் சாம்பலாகிக் கிடந்ததற்கும் அதுதான் பெயர். ஆகவே இப்பத்தியில் லைப்ரரி என்றே விட்டுவிடுகிறேன்.

இந்த லைப்ரரி என்பது உண்மையில் ஓர் அலுமாரி அல்ல, ஒரு பதிவேடு. எங்கள் பிள்ளைகளிற் பெரும்பாலானோர் பாவிக்கும் ஸ்டீம் என்ற கடையை அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003 செப்ரெம்பரில் தொடங்கியது. அதில் காசு கட்டி ஒரு விளையாட்டை எடுத்தால், இன்ன கணக்குக்காரருக்கு இன்ன விளையாட்டை விளையாட அனுமதி உண்டு என்று அவர்களுடைய கணனியில் ஒரு வரி எழுதப்படுகின்றது. அவ்வளவுதான். உங்கள் வீட்டு வன்தட்டில் இறங்கும் கோப்புகள் வேறு, அந்த வரி வேறு. கோப்பு அழிந்தாலும் வரி இருந்தால் திரும்ப இறக்கலாம். வரி இல்லையென்றால் கோப்பு இருந்தும் பிரயோசனமில்லை. ஆகவே விளையாட்டைக் காணவில்லை என்று ஒரு பிள்ளை சொன்னால், கண்ணுக்குத் தெரியவில்லையா, தட்டில் இல்லையா, அல்லது பதிவேட்டிலேயே இல்லையா என்று பிரித்துப் பார்க்கவேண்டும். முதல் இரண்டும் தடிமன் காய்ச்சல் மாதிரி. மூன்றாவதுதான் வைத்தியரிடம் போகவேண்டிய வருத்தம்.

கண்ணுக்குத் தெரியாமற் போவதிலிருந்து தொடங்குவோம். லைப்ரரியின் இடது பக்கப் பட்டியலுக்கு மேலே சில சின்னஞ்சிறு அடையாளங்கள் உண்டு. அவற்றில் முக்கோணம் போன்ற ஒன்றை அழுத்தினால், இப்போதே விளையாடத் தயாராக இருப்பவை மட்டும் காட்டப்படும். பென்குயின் பறவை போன்ற ஒன்றை அழுத்தினால் லினக்ஸ் முறையில் ஓடுபவை மட்டும் நிற்கும். மவுஸ் தவறுதலாகப் பட்டாலே போதும், பாதி லைப்ரரி மறைந்துவிடும். பக்கத்தில் விளையாட்டு, மென்பொருள், கருவிகள் என்று வகைபிரிக்கும் பட்டியல் ஒன்றும் உண்டு. அதில் ஒரு சரி அடையாளம் எடுபட்டிருந்தாலும் இதே கதைதான். நம் சின்னவனின் கணனியில் முக்கோணம் அழுத்தப்பட்டிருந்தது. எடுத்துவிட்டேன். 11 என்பது 19 ஆகியது. பிள்ளையின் முகத்தில் கொஞ்சம் வெளிச்சம்.

அடுத்தது, வேண்டுமென்றே மறைக்கப்பட்டவை. ஒரு விளையாட்டின் பெயரில் மவுஸின் வலது பொத்தானை அழுத்தி அதை மறைத்துவிட முடியும். மறைத்தவற்றைப் பார்க்க மேலேயுள்ள பட்டியலில் விசுவலிட்சா என்பதற்குள் ஜோக்கி நஸ்கோஸ்தி என்பதைத் திறக்கவேண்டும். அதைத் திறக்கப் போனபோது சின்னவன் என் கையை மெல்லப் பிடித்தான். உள்ளே இரண்டு சுடுபாட்டு விளையாட்டுக்கள் இருந்தன. தாயார் தேநீர் போட்டுக்கொண்டிருந்தார். நான் மூடிவிட்டேன். அது வேறொரு நாளைக்குரிய கதை. கணக்கில் மட்டும் 21 என்று குறித்துக்கொண்டேன்.

பெற்றோர்களே வைத்த பூட்டாலும் விளையாட்டுக்கள் மறையும். வயது குறைந்த பிள்ளைகள் எதை விளையாடலாம் என்று தெரிவுசெய்து கொடுக்கும் வசதி ஸ்டீமில் இருக்கிறது. எங்கள் வீடுகளில் அதைத் தகப்பனார் அமைப்பதில்லை, தகப்பனாரின் பெயரால் மூத்த பிள்ளை அமைத்துக் கொடுப்பான். பிறகு எல்லோரும் மறந்துவிடுவார்கள். ஆறு மாதம் கழித்துக் கடையில் வாங்கிய புதிய விளையாட்டு வரவில்லை என்று அழுகை கேட்கும். வந்துதான் இருக்கும், அனுமதிப் பட்டியலில் யாரும் சேர்த்திருக்க மாட்டார்கள்.

தட்டு விஷயத்தை இத்தாலிய வீட்டு வாடகையோடு ஒப்பிட்டால் விளங்கும். வீடு மாறினால் பெட்டிகளும் மாறும், ஆனால் குடியிருப்பவர் மாறுவதில்லை. பிள்ளைகள் இடம் போதாமல் விளையாட்டுக்களை வெளித்தட்டு ஒன்றில் போட்டுவைப்பார்கள். அந்தத் தட்டைக் கழற்றிவிட்டாலோ, கணனி அதற்கு முன்பிருந்த எழுத்தை விட்டு வேறோர் எழுத்தைக் கொடுத்துவிட்டாலோ, ஸ்டீம் அந்த விளையாட்டுக்களை நிறுவப்படாதவை என்று சாம்பல் நிறத்தில் காட்டும். அழவேண்டாம், உடனே மீண்டும் இறக்கவும் வேண்டாம். இம்போஸ்தட்சியோனி என்ற அமைப்புப் பக்கத்தில் ஆர்க்கிவியாட்சியோனே என்ற சேமிப்புப் பகுதிக்குப் போய், அந்தத் தட்டை மீண்டும் சேர்த்துவிட்டால் போதும். அப்படியும் தெரியாவிட்டால், அதே தட்டையும் அதே கோப்புறையையும் காட்டி நிறுவும்படி சொல்லுங்கள். அங்கே கிடக்கும் கோப்புகளை அதுவே கண்டுபிடித்துச் சரிபார்த்துக்கொள்ளும். 80 கிகாபைட் விளையாட்டொன்றைக் கைத்தொலைபேசி இணைப்பில் திரும்ப இறக்கி மாதத்து இணைய அளவையே முடித்த வீடொன்றை எனக்குத் தெரியும். சின்னவனின் வெளித்தட்டு கட்டிலுக்குக் கீழே இருந்தது. பொருத்தினோம். நாலு விளையாட்டுக்கள் உயிர்பெற்றன. ஆனால் அவை ஏற்கனவே அந்த 21 இற்குள் அடங்கியவை.

இனி மிஞ்சியவை 43. இவை மறைக்கப்படவில்லை, தட்டிலும் இல்லாமலில்லை. பெரிய பெரிய கோப்புறைகள் அப்படியே கிடந்தன. பதிவேட்டில்தான் இல்லை.

இந்த இடத்தில் எவரும் செய்யவேண்டிய காரியம் ஒன்று உண்டு. கணக்கு விபரப் பக்கத்தில் உரிமங்களின் பட்டியல் என்று ஒரு பகுதி இருக்கிறது. எந்தத் திகதியில், எந்த வழியில் ஒவ்வொரு விளையாட்டும் அந்தக் கணக்குக்கு வந்தது என்று அதில் வரிவரியாக எழுதியிருக்கும். லைப்ரரித் திரை ஏமாற்றலாம், இந்தப் பட்டியல் ஏமாற்றாது. சின்னவனின் பட்டியலை அவனோடு இருந்து ஒவ்வொன்றாக ஒப்பிட்டேன். அந்த 43 இல் ஒன்றுகூட அதில் இல்லை. ஒருநாளும் இருந்ததில்லை.

"அப்ப நான் விளையாடினது?" என்றான்.

அண்ணனுடையவை தம்பி. எல்லாமே அண்ணனுடைய கணக்கில் இருந்தவை.

இதைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் எங்கள் குடும்பங்களுக்கென்றே அளவெடுத்துத் தைத்த சிக்கல் இது. ஒரு கணக்கிலுள்ள விளையாட்டுக்களை வீட்டிலுள்ள மற்றவரும் விளையாடும் வசதி ஸ்டீமில் 2013 இல் பரீட்சார்த்தமாக வந்தது. அதன் இடத்தில் 2024 செப்ரெம்பரில் ஸ்டீம் குடும்பம் என்ற புதிய ஏற்பாடு வந்தது. இதில் 6 பேர் வரை சேரலாம். சேர்ந்தவர்களின் விளையாட்டுக்கள் எல்லோருடைய லைப்ரரியிலும் ஒன்றாகக் கலந்து தெரியும். ஒருவருடைய பிரதி ஒன்றை ஒரே நேரத்தில் இருவர் விளையாட முடியாதே தவிர, மற்றப்படி தாராளம். ஆனால் வால்வ் நிறுவனம் குடும்பம் என்று சொல்வது ஒரே கூரையின்கீழ் வாழ்பவர்களை. நாங்கள் குடும்பம் என்று சொல்வது பலெர்மோவிலும் லண்டனிலும் பாரிசிலும் ஸ்காபரோவிலும் இருப்பவர்களை. அவர்களுடைய அகராதிக்கும் எங்களுடையதற்கும் இடையில்தான் அந்த 43 உம் விழுந்திருந்தன.

நடந்தது இதுதான். ஸ்டீம் குடும்பம் வந்த புதிதில் பெரியவன் தகப்பனாரின் பெயரில் ஒரு கணக்கைத் திறந்து, தன்னையும் தம்பியையும் அதில் சேர்த்தான். வருடக்கணக்காகத் தான் சேர்த்த விளையாட்டுக்கள் தம்பியின் திரையிலும் தோன்றின. 14 வயதுப் பிள்ளைக்கு எது தன்னுடையது, எது அண்ணனுடையது என்று பிரித்துப் பார்க்கத் தோன்றாது. பிறகு பெரியவன் மேற்படிப்புக்காக லண்டன் போய் மாமியின் வீட்டில் தங்கினான். அங்கே மச்சான்மார், எங்களோடு சேர் என்று அழைப்பு அனுப்பினார்கள். ஒருவர் ஒரு ஸ்டீம் குடும்பத்தில் மட்டுமே இருக்கமுடியும். பலெர்மோக் குடும்பத்திலிருந்து விலகி லண்டன் குடும்பத்தில் சேர்ந்தான். அந்தக் கணமே தம்பியின் லைப்ரரியிலிருந்து 43 வரிகள் எழும்பிப் போய்விட்டன. பெரியவனுக்கு இது தெரியவே தெரியாது. பிரதிகள் தம்பியிடம் இருக்கும் என்றே நினைத்திருக்கிறான்.

பழைய சீடிக் காலமாக இருந்தால் பெட்டி கட்டும்போதே தம்பி கண்டிருப்பான். "அதை வைச்சிட்டுப் போ" என்று இழுபட்டிருப்பார்கள், தாயார் இரண்டு பேருக்கும் ஏசியிருப்பார், விமான நிலையத்துக்குப் போகும்போது சமாதானமாகியிருக்கும். இப்போது எடுத்தவனுக்கும் தெரியாமல், பறிகொடுத்தவனுக்கும் காரணம் விளங்காமல் நடந்துவிடுகிறது.

திரும்பி வரச் சொல்லலாமா என்று தாயார் கேட்டார். விலகுவதற்குத் தடையில்லை. ஆனால் விலகியவர், முந்திய குடும்பத்தில் சேர்ந்த நாளிலிருந்து ஒரு வருடம் முடியாமல் வேறொரு குடும்பத்தில் சேரவோ புதிதாக ஒன்றை அமைக்கவோ முடியாது. பெரியவன் பலெர்மோவில் ஒரு வருடத்துக்கு மேல் இருந்தபடியால் உடனே லண்டனில் சேர முடிந்தது. லண்டனில் அவனுடைய ஒரு வருடம் இப்போதுதான் ஓடத் தொடங்கியிருக்கிறது. தவிரவும் அவன் இப்போது வேறு வீட்டில், வேறு நாட்டில் இருப்பவன். ஆகவே பிள்ளைகள் வீட்டை விட்டு வேறு நாட்டுக்குப் போகும்போது, கடவுச்சீட்டு இருக்கிறதா என்று பார்ப்பதுபோல் இதையும் ஒருமுறை கேட்டுவிடுங்கள். மச்சான்மாரின் அழைப்பைக் கைத்தொலைபேசியில் போகிறபோக்கில் ஏற்றுக்கொண்டால் ஒரு வருடத்துக்கு அது கட்டிவைக்கும். இன்னொன்றும் உண்டு. நீங்கள் பகிர்ந்த விளையாட்டில் குடும்பத்தவர் ஒருவர் மோசடி மென்பொருள் பாவித்துத் தடைசெய்யப்பட்டால், அந்த விளையாட்டில் உங்களுக்கும் தடை விழும். ஆகவே யாரோடு குடும்பமாகிறோம் என்பதில் கொஞ்சம் கவனம் தேவை.

நாடு மாறியதாலேயே விளையாட்டுப் போய்விடும் என்று ஒரு கதை உலாவுகிறது. பொதுவாக அப்படியில்லை. புதிய நாட்டின் வங்கி அட்டையால் ஏதாவது வாங்கும்போது கடையின் நாடு மாறும், விலை மாறும், ஏற்கனவே வாங்கியவை கூடவே வரும். இங்கிருந்து ஜேர்மனிக்குப் போனவர்கள் ஒரு வித்தியாசத்தைக் கண்டிருப்பீர்கள். 2024 நவம்பர் 15 முதல், வயது மதிப்பீடு இல்லாத விளையாட்டுக்களை ஸ்டீம் ஜேர்மனியிலுள்ளவர்களுக்குக் கடையில் காட்டுவதில்லை. வாங்க முடியாது, ஆனால் முன்பே வாங்கியிருந்தால் லைப்ரரியில் இருக்கும்.

மற்ற வீடுகளில் கண்டவற்றையும் சொல்லிவிடுகிறேன்.

எபிக் என்ற இன்னொரு கடை 2018 டிசம்பரிலிருந்து விளையாட்டுக்களை இலவசமாகக் கொடுத்துவருகிறது. வியாழக்கிழமைகளில் பிள்ளைகள் பள்ளியால் வந்ததும் கணனிக்கு ஓடுவது அதற்குத்தான். அங்கே காணாமற் போவதற்கு வழமையான காரணம், ஒரே பிள்ளைக்கு இரண்டு கணக்குகள் இருப்பது. ஒருநாள் கூகிள் வழியாக உள்ளே போயிருப்பான், இன்னொருநாள் விளையாட்டுப் பெட்டியின் கணக்கு வழியாகப் போயிருப்பான். அறியாமலே இரண்டு லைப்ரரிகள் உருவாகியிருக்கும். வெளியேறி, ஒவ்வொரு வாசலாலும் உள்ளே போய்ப் பாருங்கள். எக்ஸ்பொக்ஸ் கேம் பாஸ் என்பது மாதச் சந்தா. அதில் வருபவை வந்துபோகும் விருந்தினர். பட்டியலிலிருந்து எடுக்கப்பட்டால் எடுக்கப்பட்டதுதான், முறைப்பாடு செய்ய இடமில்லை.

மலிவு விலைக்குக் குறியீடு விற்கும் இடைத்தரகர் தளங்களைப் பற்றியும் எச்சரிக்கவேண்டும். அங்கே விற்கப்படும் குறியீடுகளிற் சில, களவெடுத்த வங்கி அட்டைகளால் வாங்கப்பட்டவை. 2015 ஜனவரியில் பிரெஞ்சு நிறுவனமான யூபிசொவ்ற் அப்படி விற்கப்பட்டவை என்று கண்ட குறியீடுகளை இரத்துச் செய்தபோது, ஒன்றுமறியாமல் வாங்கியவர்களின் லைப்ரரிகளிலிருந்தும் விளையாட்டுக்கள் மறைந்தன. ஐந்து யூரோ மிச்சம் பிடிக்கப்போய் முப்பது யூரோ விளையாட்டை இழப்பது நல்ல வியாபாரமல்ல.

முழு லைப்ரரியும் ஒரேயடியாகப் போனால், அநேகமாகக் கணக்கே கைவிட்டுப் போயிருக்கிறது. இங்கே எங்கள் ஆட்களின் பாடு மற்றவர்களைவிட மோசம். ஏனென்று கேட்டால், இந்த நாட்டுக்கு வந்த புதிதில் மின்னஞ்சல் திறந்து தந்தவர் யாரோ ஒரு நண்பர், கடவுச்சொல் அவருக்குத்தான் தெரியும். அவர் இப்போது எந்த நாட்டில் என்று தெரியாது. தொலைபேசி இலக்கமோ மூன்றுமுறை மாறியிருக்கும். முன்கட்டண சிம் அட்டையில் சுமார் ஒரு வருடம் காசு போடாமல் விட்டால் இத்தாலியில் அது செத்துவிடும், ஸ்டீம் அனுப்பும் இரகசிய இலக்கமும் அதோடு போய்விடும். சொஜோர்னோவில் கோக்னோமேயும் நோமேயும் இடம்மாறி, வங்கி அட்டையில் இன்னொரு விதமாக எழுதப்பட்டு, இது யார் என்று எங்களுக்கே சந்தேகம் வரும் நிலை.

ஸ்டீமின் உதவிப் பிரிவு பெயரைப் பெரிதாகப் பார்ப்பதில்லை என்பது ஓர் ஆறுதல். கணக்கு உங்களுடையது என்பதற்கு அவர்கள் கேட்பது காசு கட்டிய அட்டையின் விபரம், கணக்கில் ஏற்றிய குறியீடு, முன்பு பாவித்த மின்னஞ்சல் முகவரி போன்றவை. ஆகவே காலாவதியான அட்டையை வெட்டி எறியமுன் அதன் கடைசி இலக்கங்களை எங்காவது எழுதி வையுங்கள். தபாக்கிக் கடையில் வாங்கிய ஸ்டீம் அட்டையைச் சுரண்டிய பிறகு எறியாதீர்கள், அதுவும் ஓர் அத்தாட்சி. கைத்தொலைபேசியில் ஸ்டீம் காவல் வைத்திருப்பவர்களுக்கு ஆர் என்ற ஆங்கில எழுத்தில் தொடங்கும் மீட்புக் குறியீடு ஒன்று தரப்படும். அதையும் கொப்பியில் எழுதுங்கள், தொலைபேசிக்குள்ளேயே படமாக வைத்துவிட்டுத் தொலைபேசியைத் தொலைக்கவேண்டாம். 13 வயதுக்குக் குறைந்த பிள்ளைகள் ஸ்டீம் கணக்கு வைத்திருக்க விதியில்லை என்பதையும் கவனத்தில் கொள்ளுங்கள். அண்ணனோ தகப்பனோ திறந்த கணக்கைப் பிறகு சின்னவருக்கு எழுதிக்கொடுக்கவும் முடியாது. உயில் எழுதினாலும் செல்லாது என்று அவர்களுடைய உதவிப் பிரிவு 2024 இல் ஒருவருக்குப் பதில் அனுப்பியது பெரிய செய்தியாகியது.

ஸ்டீமுக்குத் தொலைபேசி உதவி இலக்கம் கிடையாது. அப்படியோர் இலக்கத்தை யாராவது தந்தால், அல்லது ஸ்டீம் உத்தியோகத்தர் என்று சொல்லி டிஸ்கோர்ட்டில் பிள்ளையோடு கதைக்க வந்தால், அவர் கள்ளன். இதில் இரண்டாம் பேச்சில்லை.

எல்லாம் சரியாக இருந்தும், கடையே எடுத்துவிட்டால்? பொதுவாக ஒரு விளையாட்டு விற்பனையிலிருந்து நீக்கப்பட்டாலும் முன்பு வாங்கியவர்களின் லைப்ரரியில் இருக்கும். எப்போதும் அப்படி என்று சொல்வதற்கில்லை. மேலே சொன்ன யூபிசொவ்ற் நிறுவனம் 2014 இல் வெளியிட்ட த குரூ என்ற கார் ஓட்ட விளையாட்டின் சேவையை 2024 மார்ச் 31 அன்று நிறுத்தியது. அடுத்த மாதமே, காசு கொடுத்து வாங்கியவர்களின் உரிமத்தையும் திரும்ப எடுத்துக்கொண்டது. அமெரிக்காவின் கலிபோர்னியாவில், விற்பது பொருளல்ல, அனுமதி மட்டுமே என்று கடைகள் வெளிப்படையாகச் சொல்லவேண்டும் என ஒரு சட்டம் 2024 இல் நிறைவேறி 2025 இல் நடைமுறைக்கு வந்தது. ஸ்டீம் 2024 ஒக்ரோபரிலேயே காசு கட்டும் பக்கத்தில் அப்படியொரு வரியைச் சேர்த்துவிட்டது. ஐரோப்பாவில், விற்ற விளையாட்டுக்களை அழிக்காதீர்கள் என்று கோரும் குடிமக்கள் விண்ணப்பம் ஒன்று 2025 யூலையில் 10 இலட்சம் கையொப்பங்களைத் தாண்டியது. ஐரோப்பிய ஒன்றிய நாடொன்றின் குடியுரிமை உள்ளவர்களால் மட்டுமே அதில் கையொப்பமிட முடிந்தது. ஒரே வீட்டில், குடியுரிமை கிடைத்த மகள் கையெழுத்துப் போட, அவளுக்கு அந்த விளையாட்டை வாங்கிக் கொடுத்த, சொஜோர்னோவில் இருந்த தகப்பனால் போடமுடியவில்லை. எதில்தான் எங்களுக்கு இந்தக் கோடு இல்லை!

சரி, பல்லரோ வீட்டுக்குத் திரும்புவோம்.

லண்டனுக்கு அழைப்பெடுக்கச் சொன்னேன். சின்னவன் எடுக்கவில்லை, தாயார்தான் எடுத்தார். பெரியவனுக்கு விஷயத்தைச் சொன்னதும் சிறிது நேரம் சத்தமில்லை. "நான் ஒண்டும் எடுக்கேல்லை அம்மா, எனக்குத் தெரியாது" என்றான். குரல் உடைந்திருந்தது. மூன்று கிழமையாகத் தம்பி ஏன் கதைக்கவில்லை என்று அவனுக்கும் விளங்கவில்லையாம்.

தன்னிடமுள்ளதைத் தம்பிக்குக் கொடுத்துவிடலாமா என்று என்னிடம் கேட்டான். லைப்ரரிக்குள் வந்துவிட்ட விளையாட்டை எடுத்து இன்னொருவருக்குக் கொடுக்க ஸ்டீமில் வழியில்லை. புதிதாக ஒன்றை வாங்கித்தான் அன்பளிப்பாக அனுப்பலாம். அதிலும் இரு நாடுகளுக்கும் இடையில் விலை வித்தியாசம் அதிகமென்றால் மறுத்துவிடும். எல்லாவற்றையும் வாங்கத் தேவையில்லை, தம்பி பாதியில் விட்டது எது என்று மட்டும் கேள் என்றேன். ஏனென்றால் ஸ்டீம் குடும்பத்தில் விளையாட்டுத்தான் பொது, விளையாடியவரின் முன்னேற்றம் அவரவர் கணக்கில் தனித்தனியே சேமிக்கப்படுகின்றது. சின்னவன் எட்டு மாதமாகக் கட்டிக்கொண்டிருந்த நகரம் ஒன்று இருந்தது. அதுவும் போய்விட்டதென்றே அவன் நினைத்திருந்தான். போகவில்லை. அந்த விளையாட்டு அவனுடைய பெயரில் வந்துவிட்டால், விட்ட தெருவிலிருந்தே தொடரலாம். இதைச் சொன்னபோதுதான் பிள்ளை முதல்முறையாக என்னை நிமிர்ந்து பார்த்தான்.

இன்னுமொரு வழியும் இருந்தது. ஒரே திரையில் இருவர் சேர்ந்து ஆடும் விளையாட்டுக்களை, ஒருவரிடம் மட்டும் இருந்தாலும், தூரத்திலுள்ள நண்பரோடு இணையம் வழியாக ஆடும் வசதியை ஸ்டீம் 2019 இல் கொண்டுவந்தது. விளையாட்டு ஓடுவது வைத்திருப்பவரின் கணனியில். படம் மட்டும் மற்றவருக்குப் போகும், மற்றவரின் விரலசைவு திரும்பி வரும். அழைக்கப்படுபவர் எதையும் வாங்கவேண்டியதில்லை. பெரியவனிடம் ஓவர்குக்ட் என்ற சமையல் விளையாட்டு இருந்தது. 2016 இல் வெளிவந்தது. குசினியில் இருவரும் ஓடியாடி மரக்கறி வெட்டி, நேரத்துக்குள் சாப்பாடு பரிமாறவேண்டும். அவன் அங்கிருந்து அழைப்பு அனுப்பினான். சின்னவன் கொஞ்சநேரம் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தான். பிறகு அழுத்தினான்.

இணைப்பு அவ்வளவு நன்றாக இல்லை. லண்டனுக்கும் பலெர்மோவுக்கும் இடையில் ஒவ்வோர் அசைவும் கொஞ்சம் பிந்தியே போய்ச் சேர்ந்தது. முதலாவது சட்டி எரிந்தது. இரண்டாவதும் எரிந்தது. "வெங்காயத்தை வெட்டடா, வெங்காயத்தை!" என்று ஒருவன் அங்கே கத்த, "நீதானே கோப்பையைக் கழுவேல்லை!" என்று மற்றவன் இங்கே கத்த, நான் செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலுக்கு வந்தேன்.

தாயார் பதறிப்போய்க் குசினிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தார். "என்னண்ணை, திரும்பவும் சண்டையே?"

"இல்லைத் தங்கச்சி, சமைக்கிறாங்கள்."